படிப்பகத்து சீலிங்குக்கு எத்தனை லிட்டர்?

அன்புள்ள ஊர் உறவுகளுக்கு வணக்கம்.

படிப்பகத்து சீலிங்குக்கு 40 லிட்டர் எமல்ஷன் வேண்டும் என்று பெயின்டர் அண்ணன் எழுதிக் கொடுத்த சீட்டைப் பற்றி மூன்று நாளாகப் பேசிக்கொண்டிருக்கிறோம். டொராண்டோ சித்தப்பா 3 கேலன் போதும் என்கிறார். இதில் யாரோ காசு பார்க்கிறார்கள் என்ற தொனியில் இரண்டு மடல்களும் வந்துவிட்டன. அது எனக்கு வருத்தமாக இருக்கிறது. நம் வீடுகளுக்கெல்லாம் முப்பது வருடமாக வெள்ளையடித்த மனிதர் அவர். அதனால் ஞாயிற்றுக்கிழமை தங்கை மகனை டேப்போடு அனுப்பி, வீடியோ காலில் கூடவே இருந்து அளந்துவிட்டேன்.

ஹால் உள்ளளவு 30 அடிக்கு 20 அடி, அதாவது 600 சதுர அடி. வராந்தா 30க்கு 7, அது 210. பெரும்பாலும் இதோடு டேப்பைச் சுருட்டிவிடுவோம். ஆனால் ஹாலின் குறுக்கே இரண்டு பீம் ஓடுகிறது, தளத்திலிருந்து ஒன்றேகால் அடி கீழிறங்கி. அவற்றின் அடிப்பக்கம் 600க்குள் வந்துவிட்டது, பக்கவாட்டுகள் வரவில்லை. ஒரு பீமுக்கு இரண்டு பக்கமும் சேர்த்து 50, இரண்டு பீமுக்கு 100. ஆக மொத்தம் 910 சதுர அடி. ஃபேன், டியூப்லைட்டுக்கெல்லாம் எதையும் கழிக்க வேண்டாம்.

ஒரு லிட்டர் எமல்ஷன் ஒரு கோட்டுக்கு 120 சதுர அடி வரும் என்று வைத்துக்கொண்டேன். நன்றாகப் பட்டி பார்த்து வழவழப்பாக இருந்தால் இன்னும் கொஞ்சம் வரும், நம் சீலிங் அப்படியில்லை. 910க்கு ஒரு கோட் ஏழரை லிட்டருக்குச் சற்று மேல். இரண்டு கோட் 15 லிட்டர் சொச்சம். ரோலர் குடிப்பதும் சிந்துவதுமாகப் பத்தில் ஒரு பங்கு சேர்த்தால் 17 லிட்டர். 20 லிட்டர் பக்கெட் ஒன்று வாங்கினால் போதும். மிச்சத்தைப் பத்திரமாக மூடி வைத்தால் பின்னால் ஒட்டுப்போட உதவும்.

சித்தப்பா கணக்கும் தப்பில்லை. அங்கே ஒரு கேலனுக்கு 350 முதல் 400 சதுர அடி என்பார்கள். அமெரிக்க கேலன் 3.785 லிட்டர், ஆகவே லிட்டருக்கு நூறு சதுர அடி சுமார். அவர் 600ஐ மட்டும் எடுத்துக்கொண்டதால் வராந்தாவும் பீமும் விட்டுப்போயின.

சரி, 40 எங்கிருந்து வந்தது? அண்ணனுக்கே போன் போட்டேன். "தரையளவை மூணால பெருக்கித்தானப்பா எப்பவும் பார்ப்பேன்" என்றார். ஹாலும் வராந்தாவும் சேர்ந்த தரையளவு 810ஐ மூன்றால் பெருக்கி, இரண்டு கோட்டுக்கு லிட்டருக்கு 60 என்று வகுத்தால் நாற்பதரை, ஏறக்குறைய அதே 40 வருகிறது. சுவரும் சேர்த்து அடிக்கும்போது போடுகிற கணக்கு அது. சீலிங் மட்டும்தான் என்பதை நாம்தான் அவரிடம் தெளிவாகச் சொல்லவில்லை. சந்தேகப்பட்டு எழுதியவர்கள் இதைப் படித்துவிட்டு அவரிடம் ஒரு வார்த்தை பேசுங்கள்.

லிட்டரைவிட எனக்குப் பெரிய கவலை மேற்பரப்பு. தங்கை மகன் ஏணியில் ஏறி உள்ளங்கையால் தேய்த்தான். கையெல்லாம் வெள்ளை. பல வருடச் சுண்ணாம்பு அடுக்கடுக்காக நிற்கிறது. அதன்மேல் எமல்ஷன் அடித்தால் சுண்ணாம்போடு சேர்ந்து தாள் தாளாக உரியும். முழுக்கச் சுரண்டி, உப்புத்தாள் போட்டு, ஒரு கோட் பிரைமர் அடித்தே ஆகவேண்டும். பிரைமர் லிட்டருக்கு 100 சதுர அடி என்றால் 10 லிட்டர். பட்டி எல்லா இடத்துக்கும் தேவையில்லை. பெயர்ந்த இடங்கள் 300 சதுர அடி இருக்கும், 20 கிலோ மூட்டை ஒன்று.

இன்னொன்று. பேப்பர் படிக்கும் மேசைக்கு நேர் மேலே ஒரு பழுப்புக் கறை இருக்கிறது, ஐப்பசி மழையில் இன்னும் பெரிதாகியிருக்கிறது. மொட்டைமாடி விரிசலை அடைக்காமல் கீழே எத்தனை கோட் அடித்தாலும் வீண். பொங்கலுக்குள் முடிக்கவேண்டும் என்ற ஆசை எனக்கும் உண்டு. ஆனாலும் மாசி வரை பொறுப்போம். அப்போது ஒரு பாலிதீன் தாளைக் கறையின்மேல் நாலு பக்கமும் டேப் போட்டு ஒட்டி ஒரு நாள் விட்டுப் பார்க்கட்டும். தாளின் உட்புறம் நீர் முத்து கோத்திருந்தால் தளம் இன்னும் காயவில்லை.

இங்கே லெஸ்டரில் எங்கள் வீட்டுக் கூடம் 5 மீட்டருக்கு 4 மீட்டர். இரண்டு கோட்டுக்கு மூன்றரை லிட்டராவது வேண்டியிருந்தது, நான் 2.5 லிட்டர் டப்பா ஒன்றோடு ஆரம்பித்தேன். இரண்டாவது கோட் பாதி தாண்டுவதற்குள் தீர்ந்தது. மறுநாள் வேறு டப்பா வாங்கித் தொடர்ந்தேன். சாயங்கால வெயில் சன்னல் வழியே சாய்ந்து விழும்போது அந்த இணைப்பு இன்றும் கோடாகத் தெரிகிறது. அதனால்தான் ஒரே பக்கெட் என்கிறேன். ஒரு பீமிலிருந்து அடுத்த பீம் வரை ஈரம் காயுமுன் நிறுத்தாமல் அடிக்கவேண்டும் என்று அண்ணனிடமும் சொல்லியிருக்கிறேன். அவர் சிரித்துக்கொண்டே, "அதுக்கு ரெண்டு ஆள் போட்டுக்கிறேன்" என்றார்.

அளவெடுத்த தாளின் படத்தை இணைத்திருக்கிறேன். யாராவது ஒருமுறை கூட்டிப் பாருங்கள். மொட்டைமாடி வேலைக்கு இந்த வாரமே கொத்தனாரைப் பார்க்க ஊரில் ஒருவர் வேண்டும்.

அன்புடன்,
கீழத்தெரு தபால்கார வீட்டுப் பேரன்