யானைப்பறவையா, யானையங்குருகா?

வணக்கம்.

மடகாஸ்கரில் வாழ்ந்து அற்றுப்போன, ஆங்கிலத்தில் 'எலிஃபன்ட் பேர்ட்' எனப்படும் பறக்காத பெரும்பறவைக் குடும்பத்துக்குத் தமிழில் 'யானையங்குருகு' என்று பெயர் வைக்கலாம் என்று இந்த இழையில் ஓர் ஐயா எழுதியதைப் படித்ததும் மயங்கித்தான் போனேன். சங்கச் சொல், உள்ளே யானையும் இருக்கிறது, வேறென்ன வேண்டும்? அப்புறம் குறுந்தொகை 34ஆம் பாட்டை எடுத்துப் பார்த்தேன். 'யானையங் குருகின் கானலம் பெருந்தோடு' என்று வருகிறது. சேர மன்னன் குட்டுவனின் மரந்தை என்னும் ஊரில், கடற்கரைச் சோலையில் கூட்டமாக இருக்கும் பறவை அது. வென்ற வீரர்களின் ஆரவாரம் கேட்டு வெருள்கிறது. இன்னது என்று அடையாளம் காண்பதில் சண்டை போடலாம், ஆனால் அது நம் கரையோரப் பறவை. அந்தப் பெயரை வேறொன்றுக்குக் கொடுத்தால், ஆள் இருக்கும் வீட்டை இன்னொருவருக்கு வாடகைக்கு விட்ட கதைதான். மரந்தைக் கரையில் 3 மீட்டர் உயரப் பறவைகள் மேய்ந்தன என்று நாளைக்கு ஒரு பிள்ளை தேர்வில் எழுதிவைக்கும்.

என் ஓட்டு 'யானைப்பறவை'க்கு. ஆங்கிலப் பெயரின் நேர் மொழிபெயர்ப்பு, மடகாஸ்கரில் யானையே கிடையாதே என்று மறுப்பு வந்திருக்கிறது. உண்மைதான். யானையைத் தூக்கிப்போய் மேலிருந்து போட்டுக் கொல்லும் ருக் பறவையைப் பற்றி மார்க்கோ போலோ கேள்விப்பட்டு எழுதியதிலிருந்து ஒட்டிக்கொண்ட பெயர் என்பார்கள். யானையைத் தூக்கியதாகக் கதை. நிஜப் பறவைக்கோ தன் உடம்பையே தூக்க முடியாது! ஆனால் அந்தக் கதை இல்லாமலேயே இந்தப் பெயர் தமிழில் நிற்கும். நெருஞ்சியில் பெரியது யானைநெருஞ்சி, திப்பிலியில் பெரியது ஆனைத்திப்பிலி. அரை டன் எடை, பாதிக் குடம் தண்ணீர் கொள்ளும் முட்டை (கோழி முட்டை 150 வரை அதில் அடங்கும்) என்று இருக்கிற பறவையை நாட்டு வைத்தியரிடம் காட்டியிருந்தால் அவரும் இதே பெயரைத்தான் சொல்லியிருப்பார்.

'யானைப்புள்' அழகாக இருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். பன்மையில் 'யானைப்புட்கள்' ஆகிறது. அங்கே விட்டுவிட்டேன்.

பேரினப் பெயரை, அதாவது அறிவியல் பெயரின் முதல் சொல்லை, மட்டும் தொட வேண்டாம். 1851இல் பாரிஸில் இசிதோர் ஜெஃப்ராய் செயின்ட் இலேர் வைத்த பெயர் ஈபியோர்னிஸ். கிரேக்கத்தில் உயர்ந்த பறவை என்று பொருள். அதைத் தமிழில் 'ஓங்குபுள்' என்று ஆக்கினால் பொருத்தம்தான். ஆனால் 2018இல் மிகப் பெரியவற்றைப் பிரித்து வொரோம்பே என்று தனிப் பேரினம் ஆக்கினார்கள். 2023இல் முட்டையோட்டு டிஎன்ஏவைப் பார்த்தவர்கள் அவற்றைத் திரும்ப ஈபியோர்னிஸுக்குள்ளேயே சேர்த்துவிட்டார்கள். அதற்கும் ஒரு தமிழ்ச்சொல் ஆக்கியிருந்தால் ஐந்தே வருடத்தில் அதற்குக் கருமாதி செய்திருப்போம். ஒலிபெயர்ப்பே போதும்.

அடுத்தது, நெருப்புக்கோழி, ஈமு, கிவி, மோவா, யானைப்பறவை எல்லாம் சேர்ந்த ரேட்டைட் தொகுதிக்கு என்ன பெயர்? 'பறக்காப் பறவை' என்றால் பென்குவினும் டோடோவும் உள்ளே வந்துவிடும். டோடோ புறா வகை. வேறுபாடு நெஞ்செலும்பில் இருக்கிறது. கோழி நெஞ்சுக்கறியை நறுக்கும்போது நடுவில் கத்தியைத் தடுக்குமே, தகடு மாதிரி ஓர் எலும்பு, பறக்கும் தசை அதில்தான் பற்றியிருக்கிறது. ரேட்டைட்களுக்கு அது இல்லை, நெஞ்செலும்பு தட்டை. லத்தீனில் கப்பலின் அடிக்கட்டையைச் சொல்லும் பெயரை அந்தத் தகட்டுக்கு வைத்தார்கள். அது இல்லாதவற்றுக்கு 'ராட்டிஸ்', அதாவது தெப்பம். இதை அப்படியே எடுத்துக்கொள்ளலாம்: தெப்பநெஞ்சி. 'ஏராவிலி' என்று ஒருவர் எழுதியிருந்தார். ஏரா என்றால் அந்த அடிக்கட்டைதான், நல்ல கப்பல்காரர் சொல். ஆனால் இன்றைக்குப் படகு கட்டுகிறவரைத் தவிர யாருக்குப் புரியும்? தெப்பம் குளம் உள்ள ஊரில் எல்லாருக்கும் தெரியும்.

வாக்கியத்தில் போட்டுப் பார்த்தேன்: "மடகாஸ்கரின் யானைப்பறவைக்கு மிக நெருங்கிய உறவு நியூசிலாந்தின் கிவி என்று 2014இல் டிஎன்ஏ காட்டியது, இரண்டும் தெப்பநெஞ்சிகள்." வாசிக்கையில் எங்கும் தடுக்கவில்லை.

ஒரு சிக்கல் பாக்கி. தென்னமெரிக்க டினமூ பறக்கும், அதற்கு அந்தத் தகடும் உண்டு. மரபணுப்படி பார்த்தால் இந்தக் கூட்டத்துக்கு நடுவில்தான் உட்கார்ந்திருக்கிறது. அதையும் சேர்த்த பெரிய தொகுதியின் அறிவியல் பெயருக்குப் 'பழைய தாடை' என்று பொருள், அதற்குத் 'தொல்தாடை' என்று தொடங்கலாமா? அதைத் தனி இழையில் பேசலாம்.