லிட்டோ லாபிட்: ஸ்டண்ட் கலைஞர் நாயகனாகவும் செனட்டராகவும் உயர்ந்தது எப்படி?

கீழ்த்திசைத் திரை கேட்கிறார்:

பிலிப்பைன்ஸ் திரைப்படங்களின் 1970களையும் 1980களையும் பற்றிப் படித்து வருகிறேன். அதில் லிட்டோ லாபிட் என்ற பெயர் அடிக்கடி எதிர்ப்படுகிறது. பம்பங்கா மாகாணத்தின் போராக் ஊரில் 1955 அக்டோபர் 25 அன்று மனுவேல் மெர்க்காடோ லாபிட் என்ற பெயரில் பிறந்த இவர், உயர்நிலைப் பள்ளிக்கு மேல் படிக்கவில்லை. 1970களின் தொடக்கத்தில் ஸ்டண்ட் கலைஞராகப் படப்பிடிப்புத் தளத்துக்குள் நுழைந்து, அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் நாயகனாகி, பின்னர் துணை ஆளுநர், ஆளுநர், செனட்டர் என்று உயர்ந்திருக்கிறார்.

எனக்கு இரண்டு ஐயங்கள் உள்ளன. இவருடைய குடும்பத்தில் ஏற்கெனவே ஒரு நட்சத்திரம் இருந்தார் என்பதால், இந்த உயர்வை உறவின் பலத்தால் கிடைத்ததாகக் கொள்ள வேண்டுமா, தொழில் திறமையால் கிடைத்ததாகக் கொள்ள வேண்டுமா? திரையில் சேர்த்த புகழ் அரசியலில் இத்தனை ஆண்டுகள் தாக்குப்பிடித்ததற்குக் காரணம் என்ன? அந்த நாட்டுப் படங்களை நன்கு அறிந்தவர்கள் விரிவாக எழுதினால் மகிழ்வேன்.

திரைச்சுவடு எழுதுகிறார்:

வணக்கம். உறவு கதவைத் திறந்தது என்பதை மறுக்க முடியாது. 1960களில் புகழ்பெற்றிருந்த சண்டைப்பட நடிகர் ஜெஸ் லாபிட், லிட்டோவின் குடும்பத்து மூத்த தலைமுறையைச் சேர்ந்தவர். 1968 ஜூலையில் அவர் இரவு விடுதி ஒன்றில் சுட்டுக் கொல்லப்பட்டபோது லிட்டோவுக்குப் பன்னிரண்டு வயது. பத்து ஆண்டுகள் கழித்து, ஜெஸ் லாபிட்டின் வாழ்க்கையைச் சொல்லும் படத்தில் அவராகவே லிட்டோ நடித்தார். ஆனால் இந்த இரண்டு நிகழ்ச்சிகளுக்கும் இடையில் அவர் நாயகனாகக் காத்துக்கொண்டிருக்கவில்லை; பிறருடைய படங்களில் அடி வாங்கி, குதிரையிலிருந்து விழுந்து கொண்டிருந்தார். குடும்பப் பெயர் மட்டுமே போதுமானதாக இருந்திருந்தால் அந்த ஆண்டுகள் தேவைப்பட்டிருக்காது.

அந்தத் திரையுலகில் இது புதிய வழியும் அன்று. பிலிப்பைன்ஸ் சண்டைப் படங்களின் முடிசூடா மன்னரான பெர்னாண்டோ போ ஜூனியர், 1951இல் தந்தையை இழந்த பிறகு படிப்பை விட்டுவிட்டுப் பட நிறுவனத்தில் கடிதம் கொண்டு செல்லும் பையனாகவும், பிறகு ஸ்டண்ட் கலைஞராகவும் வேலை பார்த்தவர். அவருடைய தந்தையும் பெயர்பெற்ற நடிகர்தான். நடிகர் குடும்பத்துப் பிள்ளையே ஸ்டண்ட் வரிசையில் நின்று மேலே வந்த திரையுலகம் அது. படிப்பும் பணமும் இல்லாத இளைஞனுக்கு அங்கே கேட்கப்பட்ட ஒரே தகுதி, சொன்ன இடத்தில் சொன்னபடி விழுந்து, எழுந்து, மறுபடியும் விழ முடியுமா என்பதுதான்.

நாயகனுக்கும் ஸ்டண்ட் கலைஞருக்கும் இடையிலான வேறுபாட்டைப் படத்தொகுப்பில் பார்த்தால் லாபிட்டின் சிறப்பு விளங்கும். விழத் தெரியாத நாயகன் நடிக்கும் காட்சியை இயக்குநர் மூன்றாக உடைக்க வேண்டியிருக்கும்: மாடி விளிம்பில் நாயகனின் முகம், முதுகைக் காட்டியபடி கீழே விழும் டூப், பிறகு தரையிலிருந்து எழுந்து தூசி தட்டும் நாயகன். டூப்பின் முகம் தெரியக் கூடாது என்பதற்காகக் கேமராவின் கோணமும் காட்சியின் நீளமும் குறுகிவிடுகின்றன. லாபிட் போன்ற ஒருவர் நாயகனாகும்போது இந்தக் கட்டாயம் நீங்குகிறது. கேமரா தொலைவில் நிற்கலாம். குதிரையும் மனிதனும் தரையும் ஒரே சட்டகத்துக்குள் இருக்கலாம். அவர் குதித்து, உருண்டு, எழுந்து சுடும் வரை வெட்டாமல் ஓட விடலாம். லியோன் கெரெரோ என்ற கௌபாய் பாத்திரத்தில் அவர் நடித்த படங்களை மக்கள் விரும்பியதற்கு இதுவே முதன்மைக் காரணம் என்று நான் கருதுகிறேன். கதைகள் எளியவை, ஊரை ஆட்டிப்படைக்கும் கொடியவர்களை ஒற்றை ஆள் எதிர்ப்பான், அவ்வளவுதான். ஆனால் அந்த ஒற்றை ஆளின் உடலில் ஏமாற்று எதுவும் இல்லை என்பதைப் பார்வையாளர் தம் கண்ணாலேயே உறுதி செய்துகொண்டார்கள்.

வடகரை எழுதுகிறார்:

திரைச்சுவடு சொன்னதற்கு வலுச்சேர்க்கும் சான்று ஒன்றைச் சேர்க்கிறேன். அதே காலத்து நடிகரான டான்டே வரோனா, 1981இல் வெளிவந்த படம் ஒன்றுக்காகச் சமார், லெய்ட்டே தீவுகளை இணைக்கும் சான் ஹுவானிக்கோ பாலத்திலிருந்து டூப் இல்லாமல் கடலில் குதித்தார். 1973இல் திறக்கப்பட்ட அந்தப் பாலம் இரண்டு கிலோமீட்டருக்கும் அதிக நீளமுடையது. கீழே ஓடும் நீரிணை வேகமான நீரோட்டத்துக்குப் பெயர் போனது. அந்தப் படத்தின் பெயரே ஸ்டண்ட் அரசனைக் குறிப்பதாக வைக்கப்பட்டிருந்தது. இன்றைக்கும் அவரைப் பற்றிப் பேசுகிறவர்கள் கதையைச் சொல்வதில்லை, குதித்ததைத்தான் சொல்கிறார்கள். உடலை முன்வைக்கும் துணிவே அங்கே நட்சத்திரத் தகுதியாக மதிக்கப்பட்டது என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு எனக்குத் தெரியவில்லை.

நெடுஞ்செழுமை எழுதுகிறார்:

இரண்டாவது ஐயத்துக்கு நான் பதில் எழுத முயல்கிறேன். இது சற்று நீளும்.

லாபிட்டின் அரசியல் நுழைவை அவருடைய மாகாணத்துக்கு நேர்ந்த பேரழிவிலிருந்து பிரித்துப் பார்க்கக் கூடாது. 1991 ஜூன் 15 அன்று பினாடுபோ எரிமலை வெடித்தது. வெடிப்பு முடிந்த பிறகும் பம்பங்காவின் துன்பம் முடியவில்லை. மலைச்சரிவில் குவிந்துகிடந்த சாம்பலும் மணலும் ஒவ்வொரு மழைக்காலத்திலும் லஹார் என்னும் சேற்று வெள்ளமாக இறங்கி ஊர்களை மூடின. பாகோலோர் நகரின் சான் கில்லெர்மோ தேவாலயம் 1995இல் ஏறத்தாழ பாதி உயரம் வரை புதைந்துபோனது. முன்பு சன்னல்களாக இருந்தவையே இன்று மக்கள் உள்ளே செல்லும் வழிகளாக உள்ளன. இந்தச் சூழலில்தான் லாபிட் 1992இல் துணை ஆளுநராகவும், 1995இல் ஆளுநராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார். வீடும் நிலமும் சேற்றுக்குள் போய்க்கொண்டிருந்த மக்கள், திரையில் தங்களைக் காப்பாற்ற வந்த மண்ணின் மைந்தனுக்கு வாக்களித்ததை அறியாமை என்று எளிதாகத் தள்ளிவிட என்னால் முடியாது. அவர்களுடைய மொழியைப் பேசி, அவர்களைப் போலவே படிப்பை முடிக்க வாய்ப்பில்லாமல் வளர்ந்த ஒருவரைத் தங்களில் ஒருவராக அவர்கள் கண்டார்கள்.

ஆனால் ஆட்சி என்று வரும்போது கணக்கு வேறாகிறது. லஹார் கொண்டுவந்து குவித்த மணல் கட்டுமானத்துக்கு மிகவும் ஏற்றது. அதை அள்ளுவதற்கான அனுமதியும் கட்டணமும் மாகாணத்தின் பெரும் வருவாயாக மாறின. இந்தக் கட்டண வசூல் தொடர்பான புகாரில் ஊழல் விசாரணை அமைப்பான ஆம்புட்ஸ்மன் அலுவலகம் 1999இல் லாபிட்டை ஓராண்டு ஊதியமின்றி இடைநீக்கம் செய்ய உத்தரவிட்டது. மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போது அந்தத் தண்டனையை உடனே நிறைவேற்ற முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2000 ஜூனில் தீர்ப்பளித்தது. பிறகு 2004இல் அவருடைய மகன் மார்க் லாபிட் ஆளுநரானார். 2007இல் மார்க்கைத் தோற்கடித்து ஆளுநரான எட்டி பன்லிலியோ என்ற கத்தோலிக்கப் பாதிரியார், மணல் வசூலை நாளொன்றுக்கு ஏறத்தாழ பத்து லட்சம் பெசோவாக உயர்த்திக் காட்டினார். முந்தைய ஆண்டுகளில் அந்தப் பணம் ஏன் கருவூலத்துக்கு வரவில்லை என்ற கேள்வி அப்போது மாகாணம் முழுவதும் எழுந்தது. அது நியாயமான கேள்வி என்பதே என் கருத்து. அவருடைய திரைவாழ்வை எவ்வளவு மதித்தாலும், இந்தப் பகுதியை மறைத்துவிட்டு எழுதக் கூடாது.

2004இல் லிட்டோ லாபிட் செனட்டரானார். அதே தேர்தலில் பெர்னாண்டோ போ ஜூனியர் குடியரசுத் தலைவர் பதவிக்குப் போட்டியிட்டு குளோரியா மகாபகால் அரோயோவிடம் தோற்றார். லாபிட்டோ அரோயோவின் கூட்டணிப் பட்டியலில் நின்று வென்றார். சண்டைப்பட நட்சத்திரங்கள் எல்லாரும் ஓரணியில் நின்றதாக எண்ணுகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

செனட்டில் அவர் அதிகம் பேசுபவர் அல்லர் என்பது உண்மை. இருந்தாலும், ஏழைகளுக்கு இலவசமாக வழக்காடும் வழக்கறிஞர்களுக்கு வரிச்சலுகை அளிக்கும் 2010ஆம் ஆண்டுச் சட்டம் அவர் முன்மொழிந்தது. 2012 மே மாதத்தில் தலைமை நீதிபதி ரெனாட்டோ கொரோனா மீதான பதவிநீக்க விசாரணையில் செனட்டர்கள் ஒவ்வொருவராக எழுந்து தீர்ப்பைக் கூறியபோது, பலரும் சட்ட நுணுக்கங்களை விரித்துரைத்தார்கள். லாபிட், தாம் உயர்நிலைப் பள்ளி மட்டுமே முடித்தவர் என்பதைத் தகாலோக் மொழியில் வெளிப்படையாகச் சொல்லிவிட்டு, குற்றவாளி என்று வாக்களித்தார். இருபத்துமூன்று பேரில் இருபது பேர் எடுத்த முடிவும் அதுவே. கற்றவர் அவையில் தம் கல்வியின் அளவை மறைக்காமல் நின்ற அந்தப் பேச்சை நான் மிகவும் மதிக்கிறேன்.

கீழ்த்திசைத் திரை எழுதுகிறார்:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. நெடுஞ்செழுமை அவர்களின் பதிவைப் படித்தபோது இன்னொரு கேள்வி எழுந்தது. லாபிட்டுடன் அதே தளத்தில் விழுந்து எழுந்த மற்ற ஸ்டண்ட் கலைஞர்களின் நிலை என்ன ஆயிற்று? அவர்களுக்கு ஏதேனும் பாதுகாப்பு இருந்ததா?

வடகரை எழுதுகிறார்:

மிகக் குறைவாகவே இருந்தது. நடிகர் ஜோசப் எஸ்ட்ராடா 1974இல் தொடங்கிய மோவல்ஃபண்ட் என்னும் நல நிதியமே நோயுற்ற, முதுமையடைந்த திரைத் தொழிலாளர்களுக்கு நெடுங்காலம் கைகொடுத்தது. அந்த ஆண்டுகளில் அமெரிக்கப் படக்குழுவினரும் செலவு குறைவு என்பதற்காகப் பிலிப்பைன்ஸ் காடுகளுக்கு வந்து போர்ப் படங்களையும் மலிவுச் சண்டைப் படங்களையும் எடுத்துத் தள்ளினார்கள். அந்தக் குறைந்த செலவின் ஒரு பகுதி உள்ளூர் ஸ்டண்ட் கலைஞர்களின் உடம்பிலிருந்து வந்தது என்பதை அவற்றைப் பற்றி எழுதுகிறவர்கள் பலர் சொல்லாமல் விடுகிறார்கள்.

படப்பிடிப்புத் தளத்தின் பாதுகாப்பு பற்றி நாடே பேசத் தொடங்கியது 2019இல்தான். மூத்த நடிகர் எட்டி கார்சியா, தொலைக்காட்சித் தொடர் ஒன்றின் சண்டைக் காட்சிக்காக ஓடும்போது தரையில் கிடந்த கேபிளில் கால் தடுக்கி விழுந்து, கழுத்தெலும்பு முறிந்து, ஜூன் 20 அன்று காலமானார். அப்போது அவருக்கு வயது தொண்ணூறு. அவர் பெயரால் அழைக்கப்படும் சட்டம் 2024 மே மாதத்தில் கையெழுத்தாகி, வேலை நேரம், காப்பீடு, தளப் பாதுகாப்பு ஆகியவற்றை ஒழுங்குபடுத்தியிருக்கிறது. புகழ்பெற்ற ஒருவர் இறந்த பிறகே அது வந்தது என்பதும், பெயர் தெரியாத எத்தனையோ பேரின் காயங்கள் அதற்குப் போதுமானவையாக இருக்கவில்லை என்பதும் எனக்கு ஆற்றாமையைத் தருகின்றன.

திரைச்சுவடு எழுதுகிறார்:

லாபிட்டின் பிற்காலத்தைப் பற்றியும் ஒரு குறிப்பு தேவை என்று நினைக்கிறேன். செனட்டராக இருந்தபடியே 2007இல் மகாட்டி நகரத் தலைவர் பதவிக்குப் போட்டியிட்டுத் தோற்றார். 2016இல் பதவிக்காலம் முடியும் வேளையில் சொந்த மாகாணத்திலுள்ள ஏஞ்சலஸ் நகரத் தலைவர் பதவிக்கு நின்று அங்கேயும் தோற்றார். திரைப்புகழ் எப்போதும் வாக்காக மாறும் என்று சொல்பவர்களுக்கு இந்த இரண்டு தோல்விகளே மறுமொழி.

அவரை மீட்டுக்கொண்டு வந்தது மீண்டும் நடிப்புதான். பெர்னாண்டோ போ ஜூனியரின் 1997ஆம் ஆண்டுப் படத்தைத் தழுவி, கோகோ மார்ட்டின் நடிப்பில் 2015 முதல் 2022 வரை ஓடிய தொலைக்காட்சித் தொடரில், 2018இல் பினூனோ என்ற கிளர்ச்சிக் குழுத் தலைவனாக அவர் நுழைந்தார். அறுபது வயதைக் கடந்த உடம்பில் பழைய வேகம் இல்லை. ஆனால் துப்பாக்கியை உறையிலிருந்து எடுக்கும் கையும், சுடுவதற்கு முன் தோள் திரும்பும் விதமும் மாறவில்லை. அவருடைய பழைய படங்களைப் பார்த்திராத தலைமுறை அவரை அங்கேதான் அறிந்துகொண்டது. 2019இல் நாடு தழுவிய வாக்கெடுப்பில் பன்னிரண்டு இடங்களில் ஏழாவதாக வந்து செனட்டுக்குத் திரும்பினார், 2025இலும் வென்றார். இடையில் 2023இல் தொடங்கிய மற்றொரு தொடரில் பிரீமோ என்ற பாத்திரத்தையும் ஏற்றார்.

நீங்கள் தொடங்குவதாக இருந்தால் முதலில் லியோன் கெரெரோ படங்களில் ஒன்றைப் பாருங்கள். பிறகு 2002இல் அவர் லாபு-லாபு என்ற வரலாற்று வீரராக நடித்த படத்தைப் பாருங்கள். இரண்டாவது படத்தில் செலவும் கூட்டமும் அதிகம். ஆனால் அவருடைய உடல்மொழியை முதலாவதில்தான் தெளிவாகக் காண முடியும்.