பிரிட்டனை ரோம் பிடித்தது படைபலத்தாலா, உள்ளூர் அரசர்களின் பிளவாலா?

பாய்மரம்:
ரோமப் படையின் ஒழுங்கு ஒன்றே பிரிட்டன் வீழ்ந்ததற்குப் போதுமான காரணம் என்று பலரும் சொல்கிறார்கள். எனக்கு அது போதவில்லை. ஜூலியஸ் சீசரையே எடுத்துக்கொள்வோம். கி.மு. 55-இல் இரண்டு லீஜியன்களோடு (லீஜியன் என்பது சுமார் ஐயாயிரம் பேர் கொண்ட ரோமப் படைப்பிரிவு) சுமார் 80 கப்பல்களில் கடல் கடந்தார். குதிரைப்படை ஏறிய கப்பல்களால் கரை சேரவே முடியவில்லை. பௌர்ணமி ஓதமும் புயலும் சேர்ந்து, நங்கூரமிட்டிருந்த கப்பல்களை நொறுக்கின. சில வாரங்களில் திரும்பிவிட்டார். அடுத்த ஆண்டு 5 லீஜியன்கள், 2,000 குதிரை வீரர்கள், 800 கப்பல்கள். மறுபடியும் புயல், 40 கப்பல்கள் போயின. சீசரின் கை எப்போது ஓங்கியது? திரினோவன்டெஸ் குலத்தார் அவர் பக்கம் வந்தபோதுதான். அவர்களுடைய இளவரசன் மண்டுபிராசியஸ், ரோமரை எதிர்த்த பிரிட்டானியர்களின் தலைவன் காசிவெல்லானுஸுக்குப் பயந்து ஏற்கெனவே சீசரிடம் அடைக்கலம் புகுந்திருந்தான். அந்தக் குலம் தானியம் கொடுத்தது. அதைப் பார்த்து இன்னும் சில குலங்கள் பணிந்தன. காசிவெல்லானுஸின் கோட்டை எங்கே இருக்கிறது என்பதையும் அப்படிப் பணிந்த குலங்கள்தான் காட்டிக்கொடுத்தன. அப்படியும் சீசர் பிணையாட்களையும் கப்பம் கட்டும் வாக்குறுதியையும் வாங்கிக்கொண்டு போனாரே தவிர, ஒரு காவல் படையைக்கூட அங்கே விட்டுவைக்கவில்லை.

கல்வெட்டுப்பித்தன்:
நண்பரே, சீசரை அளவுகோலாக வைப்பது நியாயமில்லை. கால் (Gaul, இன்றைய பிரான்ஸ் பகுதி) நாட்டில் அவருக்கு வேலை முடியவில்லை, தங்கும் எண்ணத்தோடு அவர் வந்ததற்கான அடையாளமும் இல்லை. உண்மையான படையெடுப்பு கி.பி. 43-இல், பேரரசர் கிளாடியஸ் காலத்தில் நடந்தது. ஆலஸ் பிளாட்டியஸ் தலைமையில் நான்கு லீஜியன்கள், துணைப்படைகளையும் சேர்த்தால் ஏறக்குறைய 40,000 பேர். இரண்டு நாள் நீடித்த ஆற்றங்கரைப் போரைப் பாருங்கள். பாலம் இல்லாமல் எதிரி கடக்க முடியாது என்று நம்பி பிரிட்டானியர்கள் அக்கரையில் அலட்சியமாக இருந்தார்கள். ரோமின் துணைப்படை வீரர்கள் முழு ஆயுதத்தோடு நீந்திப் போய், ஆட்களை விட்டுவிட்டுத் தேர்க் குதிரைகளைக் காயப்படுத்தினார்கள். தேர்ப்படையே முடங்கியது. தென்மேற்கில் வெஸ்பாசியன் ஒரே ஒரு லீஜியனோடு 20-க்கும் மேற்பட்ட கோட்டைகளைப் பிடித்தார். இன்னொன்றையும் சேர்த்துக்கொள்ளுங்கள். குலப்படையில் பெரும்பாலோர் உழவர்கள். அறுவடை வந்தால் வயலுக்குப் போயாக வேண்டும். ரோமச் சிப்பாய்க்கு ஆண்டு முழுவதும் சம்பளம், 20 ஆண்டுகளுக்குமேல் சேவை. இந்த வித்தியாசத்தை எந்த உள்ளூர் அரசியலாலும் ஈடுகட்ட முடியாது.

பாய்மரம்:
சம்பளப் படை, உழவர் படை என்ற வேறுபாட்டை ஏற்கிறேன், முக்கியமான விஷயம் அது. ஆனால் கி.பி. 43-இல் போர் தொடங்கச் சொன்ன காரணமே உள்ளூர்க்காரர்தானே! அட்ரெபாட்டெஸ் அரசன் வெரிகா நாட்டை இழந்து ரோமுக்கு ஓடினான். அவனுக்கு உதவுகிறோம் என்றுதான் வந்தார்கள். கிளாடியஸ் தாமே பிரிட்டனில் இருந்தது 16 நாட்கள். ரோமில் அவருக்கு எழுப்பிய வெற்றி வளைவு பதினொரு அரசர்கள் பணிந்ததாகப் பெருமை பேசியது. ரோமரை எதிர்த்த பிரிட்டானியத் தலைவன் கரட்டாகஸ் பணியாமல் மேற்கே வேல்ஸ் மலைகளுக்குப் போய், கி.பி. 51 வரை எட்டு ஆண்டுகள் தாக்குப்பிடித்தான். போரில் தோற்றான், உண்மைதான். ஆனால் அவனைப் பிடித்தது லீஜியன் இல்லை. வடக்கே பிரிகான்டெஸ் குலத்தின் அரசி கார்டிமாண்டுவாவிடம் அடைக்கலம் தேடிப் போனான், அவள் சங்கிலி போட்டு ரோமர்களிடம் ஒப்படைத்தாள்.

குறிஞ்சி:
இரண்டு பேருமே பணிந்ததோடு கதை முடிந்த மாதிரி எழுதுகிறீர்கள். பணிந்தவர்களுக்கு என்ன ஆயிற்று? கிழக்கே ஐசினி குலத்தின் அரசன் பிரசுடாகஸ் ரோமின் நண்பன் என்ற நிலையில் இருந்தவன். இறக்கும்போது நாட்டைத் தன் இரண்டு மகள்களுக்கும் பேரரசர் நீரோவுக்குமாகச் சேர்த்து எழுதிவைத்தான். பங்கு கொடுத்தால் குடும்பமாவது பிழைக்கும் என்று நினைத்திருக்கிறான். அதிகாரிகள் வந்து முழு நாட்டையும் எடுத்துக்கொண்டார்கள். அரசி பூடிக்காவைச் சவுக்கால் அடித்தார்கள், மகள்களைப் பாலியல் வன்கொடுமை செய்தார்கள். அதோடு கடன். தத்துவ ஞானி செனகா பிரிட்டானியர்களுக்கு 4 கோடி செஸ்டர்ஸ் (ரோம நாணயம்) கடன் கொடுத்திருந்தார், அதை ஒரேயடியாகத் திருப்பிக் கேட்டார் என்று ரோம வரலாற்றாசிரியர் காசியஸ் டியோ எழுதுகிறார். கமுலோடுனத்தில் (இன்றைய கோல்செஸ்டர்) ஓய்வுபெற்ற சிப்பாய்கள் திரினோவன்டெஸ் மக்களை வீட்டை விட்டும் நிலத்தை விட்டும் துரத்தினார்கள். கிளாடியஸுக்குக் கோயில் கட்டும் செலவும் உள்ளூர்ப் பிரபுக்கள் தலையில்தான். கி.பி. 60, 61-இல் பூடிக்காவின் கிளர்ச்சியில் கமுலோடுனம், லண்டினியம் (லண்டன்), வெருலாமியம் (செயின்ட் ஆல்பன்ஸ்) மூன்றும் எரிந்ததற்கு இவைதான் காரணம். பாய்மரம், நூறு ஆண்டுகளுக்குமுன் சீசருக்குத் தானியம் கொடுத்தது அதே திரினோவன்டெஸ் குலம் என்பதைக் கவனித்தீர்களா?

கல்வெட்டுப்பித்தன்:
குறிஞ்சி சொன்ன கொடுமையில் ஒரு சொல்லைக்கூட நான் மறுக்கவில்லை. படைபலம் என்று நான் சொல்வது அதை நியாயப்படுத்த இல்லை. ஆனால் என் வாதத்துக்கு இதைவிட நல்ல சான்று கிடையாது. ஐசினிகளும் திரினோவன்டெஸும் இன்னும் பலரும் ஒன்றுசேர்ந்தார்கள். பிளவு இல்லை, காட்டிக்கொடுத்தவர் இல்லை. ஆட்பலத்தில் எதிரியைவிடப் பல மடங்கு. அப்புறம் என்ன நடந்தது? மோனா தீவில் (இன்றைய ஆங்கிள்சி) துரூயிதுகள் என்ற பிரிட்டானியப் பூசாரிகளை அழிக்கப் போயிருந்த ஆளுநர் பாலினஸ் சுமார் 10,000 பேரோடு திரும்பி வந்தார். பின்னால் காடு, முன்னால் குறுகலான இடம் என்று பார்த்து நின்றார். ஈட்டி வீச்சு, பிறகு ஆப்பு வடிவ அணிவகுப்பு. ஓட நினைத்தவர்களுக்கு அவர்கள் குடும்பங்களை ஏற்றிவந்த வண்டிகளே தடையாக நின்றன. ஒரே நாளில் முடிந்துவிட்டது. ஒற்றுமை இருந்தும் தோற்றார்களே, அதற்கு உங்கள் விளக்கம் என்ன?

பாய்மரம்:
கஷ்டமான கேள்வி. களத்தில் ரோமரை நேருக்கு நேர் வெல்வது ஏறக்குறைய முடியாத காரியம். அந்த அளவுக்கு என் பேச்சைத் திருத்திக்கொள்கிறேன். ஆனால் களத்தில் வெல்வது வேறு, நாட்டை வைத்துக்கொள்வது வேறு. பாலினஸ் அந்த வெற்றிக்குப் பிறகும் ஊர் ஊராக அழித்துக்கொண்டே இருந்தார். வருவாய் அதிகாரியாகப் புதிதாக வந்த கிளாசிசியானஸ், இந்த ஆள் இருக்கும்வரை சண்டை ஓயாது என்று ரோமுக்கு எழுதினார். பாலினஸைத் திரும்ப அழைத்துக்கொண்டார்கள். கிளாசிசியானஸின் கல்லறைக் கல் லண்டனில் கிடைத்திருக்கிறது. வரி வாங்க வேண்டியவருக்கு வரி கொடுக்க ஆட்கள் உயிரோடு வேண்டும், அவ்வளவுதான் கணக்கு. வடக்கே பாருங்கள். ஆளுநர் அக்ரிகோலா ஸ்காட்லாந்தில் மோன்ஸ் கிராபியஸ் போரில் பெரிய வெற்றி பெற்றார். சில ஆண்டுகளில் அங்கே இன்ச்டுதில் கோட்டையைக் கட்டி முடிக்கும் முன்பே தாங்களாகவே கலைத்துவிட்டு, 8 லட்சத்துக்கும் அதிகமான இரும்பு ஆணிகளைக் குழி தோண்டிப் புதைத்துவிட்டுப் போனார்கள். கி.பி. 122-இல் பேரரசர் ஹாட்ரியன் அதற்குத் தெற்கே எல்லைச் சுவரைக் கட்டத் தொடங்கினார். பணிந்து வரி கட்டும் அரசர்கள் இல்லாத இடத்தில் லீஜியன் வென்றது, ஆனால் தங்கவில்லை.

கல்வெட்டுப்பித்தன்:
தங்காததற்குக் காரணம் ஐரோப்பாவின் தான்யூப் ஆற்று எல்லையில் ஆள் தேவைப்பட்டது. பிரிட்டனிலிருந்த நான்கு லீஜியன்களில் ஒன்றை அங்கே மாற்றினார்கள். மூன்றை வைத்து முழுத் தீவையும் காக்க முடியாது. இதுவும் படைக் கணக்குதான்.

குறிஞ்சி:
சுவருக்குப் பக்கத்திலுள்ள விண்டோலாண்டா கோட்டையில் கிடைத்த மரப்பலகைக் கடிதங்களில் ஒரு கணக்குச் சீட்டு இருக்கிறது. யாரோ ஒருவர் மிளகுக்கு இரண்டு தினாரியஸ் (ரோம வெள்ளி நாணயம்) பாக்கி. நம் மேற்குக் கரை மிளகு அவ்வளவு தூரம் போயிருப்பதைப் படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. அதே இடத்தில் கிடைத்த இன்னொரு பலகை பிரிட்டானியர் சண்டையிடும் முறையைப் பற்றியது. அவர்களுக்குக் கவசம் இல்லை, குதிரைமேலிருந்து ஈட்டி எறிய ஏறுவதில்லை என்று குறித்துவிட்டு, "பிரிட்டுங்குலி" என்று எழுதியிருக்கிறார்கள். அற்பப் பிரிட்டானியர்கள் என்று பொருள். போர் முடிந்து, வரியும் வந்து, பக்கத்திலேயே வாழ்ந்துகொண்டிருந்த காலத்தில் எழுதியது இது. நீங்கள் இருவரும் எடுத்துவைத்த சான்றுகள் பெரும்பாலும் வென்றவர்கள் எழுத்தில் வந்தவை. பூடிக்கா என்ன சொன்னாள் என்பதைக்கூட ரோம வரலாற்றாசிரியர்களான டசிட்டஸும் டியோவும் அவரவர் விருப்பப்படி எழுதிய உரைகளில்தான் படிக்கிறோம். கார்டிமாண்டுவா பயத்தில் ஒப்படைத்தாளா, தன் மக்களைக் காப்பாற்ற ஒப்படைத்தாளா? காட்டிக்கொடுத்தாள் என்று முடிவுகட்டும் முன் அதையும் யோசியுங்கள், பாய்மரம்.

பாய்மரம்:
யோசிக்கிறேன். நான் அந்தச் சொல்லைச் சீசரிடம் பணிந்த குலங்களுக்குத்தான் எழுதினேன். அவர்களுக்கும் அது சரியான சொல்லா என்று இப்போது சந்தேகம் வருகிறது. திரினோவன்டெஸையே பாருங்கள், காசிவெல்லானுஸ் அவர்கள் அரசனைக் கொன்றிருந்தான்.