பாப்பாவுக்குப் பாதம் ஐஸ், பிடரி ஈரம்: ராத்திரி என்ன உடுத்துவது? (அவசரம்)

கடலோரத்தாய்
மூன்று நாளாகப் பாப்பா ராத்திரி தூங்கவே இல்லை, சிணுங்கிக்கொண்டே இருக்கிறாள். பாதத்தைத் தொட்டால் ஐஸ் மாதிரி, ஆனால் பிடரியில் கை வைத்தால் ஈரம். அத்தை ஸ்வெட்டர், குல்லா, சாக்ஸ், கையுறை எல்லாம் மாட்டி, மேலே டர்க்கி டவலும் சுற்றிவிடுகிறார். மழைக்காலம், கடல் காற்று, சளி பிடித்துவிடும் என்கிறார். நான் கழற்றுகிறேன், அவர் திரும்பப் போடுகிறார். எது சரி? சீக்கிரம் சொல்லுங்கள்.

கீழக்கரை லாத்தா
எத்தனை மாதம்மா? ஏசியா, ஃபேனா? அதைச் சொல்லவே இல்லையே.

உச்சிப்புளி அக்கா
நிறைமாதமா, குறைமாதமா? பிறந்தபோது எடை என்ன? என் சின்னவன் 1.8 கிலோ. அவனுக்கு டாக்டரே குல்லாவும் சாக்ஸும் போட்டு நெஞ்சோடு அணைத்து வைத்திருக்கச் சொன்னார். எல்லாக் குழந்தைக்கும் ஒரே பதில் கிடையாது.

தொண்டிக்காரி
கார்த்திகை வாடையில் குல்லாவைக் கழற்றாதீர்கள். உச்சிக்குழி வழியாகத்தான் குளிர் இறங்கும், அப்புறம் மாந்தம். என் மூன்று பேரையும் அப்படித்தான் காப்பாற்றினேன்.

தங்கச்சிமடம் அண்ணன்
தங்கச்சி, எனக்குத் தண்ணீர் மேல்தான் சந்தேகம். எங்கள் தெரு போர் தண்ணீர் உவர்ப்பு. சோப்பு நுரைக்காது, சரியாக அலசவும் வராது. காய்ந்ததும் ஜப்லா அப்பளம் மாதிரி மொடமொடவென்று நிற்கும். கழுத்தோரத்தை உங்கள் உதட்டில் தேய்த்துப் பாருங்கள், சொரசொரப்பு தெரியும். கடைசி அலசலை மட்டும் குடிக்க வாங்கும் தண்ணீரில் போடுங்கள். மழை நாளில் கடல் பக்கக் கொடியில் காய்ந்த துணி பிசுபிசுப்பு போகாது, உள்ளே ஃபேனடியில் போட்டு எடுங்கள்.

ஓய்வுபெற்ற செவிலி
இதே கேள்வி மாதம் ஒரு முறை வருகிறது. பழைய பதில்களைத் தேடிப் படித்திருந்தால் இந்த மூன்று ராத்திரி மிச்சமாகியிருக்கும். வயது, எடை, அறை எதுவும் சொல்லாமல் அவசரம் என்றால் யார் என்ன சொல்ல முடியும்? 22 வருடம் குழந்தைகள் வார்டில் இருந்தவள், சொல்கிறேன்.

கை காலைத் தொட்டுக் குளிரை அளக்கக் கூடாது. சின்னக் குழந்தைக்கு ரத்த ஓட்டம் அங்கே குறைவு, சில்லென்றுதான் இருக்கும். நெஞ்சையோ பிடரியையோ தொடுங்கள். கதகதப்பாக, உலர்ந்து இருந்தால் சரி. ஈரமாக இருந்தால் துணி அதிகம். குழந்தை தலை வழியாகத்தான் அதிகம் சூட்டை வெளியேற்றும். வீட்டுக்குள் தூங்கும்போது குல்லா போட்டால் அந்த வழி அடைபட்டுவிடும், நழுவினால் மூக்கையும் மூடும். அதிகச் சூடு தூக்கத்தில் வரும் திடீர் மரணத்துக்கே ஒரு காரணி, வெறும் வேர்க்குருவோடு முடிகிற விஷயமில்லை. பெரியவர்கள் என்ன உடுத்தியிருக்கிறோமோ அதோடு ஒரு மெல்லிய துணி கூட, அவ்வளவே. புழுக்கமென்றால் அதுவும் வேண்டாம்.

கடலோரத்தாய்
மன்னியுங்கள், கையில் குழந்தையோடு டைப் அடித்தேன். மூன்றரை மாதம், நிறைமாதம், 2.9 கிலோ. ஏசி இல்லை, ஃபேன்தான், அதுவும் இரண்டு ராத்திரி கரன்ட் போய்விட்டது. கீழே ரப்பர் ஷீட், மேலே துண்டு. பகலில் தூளி. கழுத்து மடிப்பில் சிவப்பாகப் பொரிப்பொரியாக இருக்கிறது, பவுடர் போட்டோம்.

கீழக்கரை லாத்தா
அந்த ரப்பர் ஷீட்தான்! வியர்வை இறங்க வழியில்லாமல் முதுகடியிலேயே தேங்கும். எங்கள் வீட்டிலும் இதே கதை, ஷீட்டை உருவிய அன்றே முதுகு உலர்ந்தது.

தொண்டிக்காரி
தூளியில் போடுங்கள், நாலு பக்கமும் காற்று. பாட்டி காலத்திலிருந்து தூளிதான்.

உச்சிப்புளி அக்கா
தூளியில் குழந்தை வில்லாக வளையும், தாடை நெஞ்சில் முட்டினால் மூச்சு தடைபடும். கண் பார்வையில் கொஞ்ச நேரம் ஆட்டலாம், ராத்திரி முழுக்க விடக்கூடாது.

தொண்டிக்காரி
அப்படியென்றால் நாங்களெல்லாம் எப்படிப் பிழைத்தோம்?

உச்சிப்புளி அக்கா
பிழைத்தவர்கள்தானே பேசுகிறோம் அக்கா. பிழைக்காத குழந்தையை வாடை அடித்தது, மாந்தம் என்று சொல்லி முடித்துவிட்டோம்.

தங்கச்சிமடம் அண்ணன்
சண்டை வேண்டாம். பாம்பனில் புயல் கூண்டு ஏற்றியிருக்கிறார்கள், கடலுக்குப் போக டோக்கன் இல்லை, நான் வீட்டில்தான் இருக்கிறேன். இன்று எங்கள் தூளிக் கொக்கியை இறக்கிப் பார்த்தேன். வெளியே பெயின்ட் நன்றாக இருக்கிறது, வளைவின் உள்பக்கத்தில் உப்புக் காற்று அரித்துப் பாதிக் கனம்கூட இல்லை. தூளி கட்டுகிறவர்கள் எல்லோரும் ஒரு தடவை ஏறிப் பாருங்கள்.

ஓய்வுபெற்ற செவிலி
கொக்கியைப் பற்றித் தனிப் பதிவு போடுங்கள். கடலோரத்தாய், உங்களுக்கு: மெல்லிய பருத்தி ஜப்லா, லங்கோடு, போதும். ஃபேன் ஓடட்டும், கரன்ட் போனால் ஜன்னலைத் திறந்து வலை கட்டுங்கள். மல்லாக்கப் படுக்க வையுங்கள். 1992இல் அமெரிக்கக் குழந்தை மருத்துவர்கள் குழந்தையைக் குப்புறப் போட வேண்டாம் என்று சொன்ன பிறகு, அங்கே தூக்கத்தில் வரும் திடீர் மரணங்கள் ஏறக்குறைய பாதியாகின. படுக்கை கெட்டியாக, தட்டையாக, மேலே இழுத்துக் கட்டிய ஒரு துணி மட்டும். தலையணை, உதிரிப் போர்வை கூடாது. மூன்றரை மாதம் என்றால் புரளத் தொடங்கும், டவலால் சுற்றுவதை இன்றே நிறுத்துங்கள். கையுறையின் உள்பக்கம் திருப்பிப் பாருங்கள், பிரிந்த நூல் விரலைச் சுற்றி இறுக்கிவிடும். பவுடர் வேண்டாம், தூள் மூச்சில் போகும். மடிப்பைத் தண்ணீரில் துடைத்து ஒற்றி எடுங்கள். உடம்பு 100.4 தொட்டாலோ, பால் குடிக்காமல் துவண்டாலோ இங்கே கேட்டுக்கொண்டிருக்காதீர்கள், ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

கீழக்கரை லாத்தா
வசம்பு வளையல் இருந்தால் தூங்கும்போது அதையும் கழற்றிவிடும்மா. வாயில் போய்விடும்.

*(இரண்டு நாள் கழித்து)*

கடலோரத்தாய்
ஷீட்டை எடுத்துவிட்டேன். ஜப்லா மட்டும். நேற்று ஒரே மூச்சில் நாலு மணி நேரம் தூங்கினாள், கழுத்துச் சிவப்பு மங்குகிறது. கையுறையில் நிஜமாகவே நூல் பிரிந்து இருந்தது. ராத்திரி இரண்டு மணிக்கு அத்தை எழுந்து வந்து பாதத்தைத் தொட்டார், நான் அவர் கையைப் பிடித்துப் பிடரியில் வைத்தேன். ஒன்றும் சொல்லாமல் போய்ப் படுத்துக்கொண்டார். பாலுக்கு அழுகிறாள், வருகிறேன்.

தங்கச்சிமடம் அண்ணன்
சந்தோஷம் தங்கச்சி. கொக்கியைப் பார்த்தீர்களா?