கமலாப் பழமும் எதிர்வீடும்: உங்கள் அனுபவத்தையும் சொல்லுங்கள்

தோ பாயோவிலிருந்து:

சீனப் புத்தாண்டு நெருங்கிவிட்டது. ஈரச்சந்தையில் ஆரஞ்சுப் பெட்டிகளை ஆளுயரத்துக்கு அடுக்கிவிட்டார்கள். சரி, நானே ஆரம்பிக்கிறேன்.

கல்யாணமாகிச் சிங்கப்பூருக்கு வந்த புதிது. புத்தாண்டுக்கு எதிர்வீட்டுச் சீன ஆண்ட்டியைப் பார்க்கக் கிளம்பியபோது என் மாமியார் பையில் இரண்டு ஆரஞ்சு போட்டுக் கொடுத்தார். “இன்னொண்ணு சேர்த்து மூணாப் போடட்டுமா அத்தை?” என்றேன். மொய் எழுதினால்கூட ஐம்பத்தொன்று, நூற்றியொன்று என்றுதானே நமக்குப் பழக்கம்! “இங்க ஒற்றைப்படை ஆகாது. அவங்களுக்கு ஜோடிதான் மங்கலம். ரெண்டு கையாலயும் கொடு” என்றார். கொடுத்தேன். ஆண்ட்டி அதை வாங்கி உள்ளே வைத்துவிட்டு, தன் தட்டிலிருந்து வேறு இரண்டை எடுத்து என் பையில் போட்டார். வந்தவரை வெறும் பையோடு அனுப்பக் கூடாதாம். இது மட்டும் அப்படியே நம் வீட்டு வழக்கம். பலகாரம் வந்த பாத்திரத்தை நாம் காலியாகத் திருப்பித் தருவோமா என்ன?

வேடிக்கை அதற்கப்புறம்தான். பெருநாள் முடிந்ததும் ஆண்ட்டி தோலைக் காயவைப்பார். நம்மைப்போல் கண்டபடி பிய்க்கமாட்டார். கத்தியால் மூன்று கீறல் போட்டு, மூன்று இதழும் அடியில் ஒட்டியிருக்கும்படி முழுசாகக் கழற்றுவார். உள்பக்க வெள்ளை மேலே வரும்படி மடித்துவிட்டு வெயிலில் வைப்பார். சீனாவில் குவாங்டோங் மாநிலத்துச் சின்ஹுய் வட்டாரம் இந்தத் தோலுக்குப் பேர்போனது. குறைந்தது 3 வருடமாவது பழசாக இருந்தால்தான் அதற்கு மதிப்பு; வயது ஏற ஏற விலையும் ஏறும். ஆண்ட்டி தன் கைச்சரக்கை ஜாடியில் போட்டு வைத்துக்கொண்டு, சிவப்பு பீன்ஸ் இனிப்புக் கஞ்சி காய்ச்சும்போது ஒரு துண்டு கிள்ளிப் போடுவார்.

என் மாமியாரும் அதே வெயிலில் அதே தோலைக் காயவைப்பவர்தான். ஆனால் அது பயத்தம்பருப்பு, கஸ்தூரி மஞ்சளோடு அரைத்துக் குளியல் பொடிக்கு. வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) அடுக்குமாடியின் பொதுக் காரிடாரில் வழியை மறிக்கக் கூடாது என்பதால் இரண்டு தட்டும் ஒரே ஸ்டூலில். இருவருக்கும் பொதுமொழி சந்தை மலாய். “சாப்பிடுகிற சாமானை உடம்பில் தேய்ப்பதா?” என்று ஆண்ட்டி சிரிப்பார். “தோலைப் போட்டுக் கஞ்சியா?” என்று மாமியார் முகம் சுளிப்பார். ஆனால் கஞ்சி வந்தால் கிண்ணத்தை வழித்துவிடுவார்!

செங்காங்கிலிருந்து:

எங்கள் தாத்தா ஊர் கீழ்ப்பழனி மலையில் தாண்டிக்குடிப் பக்கம். அங்கே காப்பிச் செடிக்கு நடுவே கமலா ஆரஞ்சு நிற்கும். அம்மா சின்னப் பெண்ணாக இருந்தபோது அதுவும் வீட்டுக்கு ஒரு வருமானம். அப்புறம் மரங்கள் நுனியிலிருந்து காய ஆரம்பித்தன. இலையில் திட்டுத்திட்டாக மஞ்சள், பழம் கோணிச் சிறுத்து, பழுத்த பிறகும் அடிப்பக்கம் பச்சை. கிரீனிங் நோய் என்பார்கள். அதற்குக் காரணம் ஒரு பாக்டீரியா. சில்லிட் என்ற சின்னப் பூச்சி சாற்றை உறிஞ்சும்போது மரத்துக்கு மரம் பரப்பிவிடும். வந்த மரத்துக்கு வைத்தியம் கிடையாது, வெட்டிப் போட வேண்டியதுதான். குடகுத் தோட்டங்களும் இதில் அடிபட்டன. தென்சீனத்தைப் படுத்திய அதே நோய் 2005இல் அமெரிக்காவின் புளோரிடாவுக்கும் போய்ச் சேர்ந்தது.

அம்மா இங்கே வந்தால் லுகான் என்கிற சீன ஆரஞ்சுதான் கேட்பார். தொளதொளவென்று இருக்கும் தோல், நகம் பட்டாலே கழன்றுவரும்; தாவரவியல்படி இதுவும் நம் கமலாவும் ஒரே இனம். ஆனாலும் ஒரு சுளையை வாயில் போட்டதும் தீர்ப்பு வந்துவிடும்: “இதுல வெறும் சர்க்கரைதான் இருக்கு. எங்க மலைப் பழத்துல புளிப்பும் இருக்கும்.” விட்டுக்கொடுக்கவே மாட்டார்.

பிடோக்கிலிருந்து:

பழத்தை விடுங்கள், செடியைப் பற்றிச் சொல்கிறேன். புத்தாண்டுக்கு அலங்காரமாக வாங்கும் குட்டி ஆரஞ்சுத் தொட்டிச் செடியைப் பக்கத்து வீட்டுக்காரர் பெருநாள் முடிந்ததும் எங்களுக்கே கொடுத்துவிட்டார். கறிவேப்பிலைத் தொட்டிக்குப் பக்கத்தில் வைத்தேன் (இரண்டும் ஒரே குடும்பம்தான்). மறுபடி காய்த்தது, ஆனால் பச்சை மாறவில்லை. தோல் நிறம் மாற இரவில் நல்ல குளிர் வேண்டும். அதற்கு இந்த ஊரில் எங்கே போவது?

ஒருநாள் இலையெல்லாம் ஓட்டை. பறவை எச்சம் போல இருந்ததைத் தட்டிவிடப் போனால், நெளிந்தது. எலுமிச்சை வண்ணத்துப்பூச்சியின் புழு. தொட்டதும் தலைக்குப் பின்னாலிருந்து இரண்டு கொம்பு நீட்டி ஒரு நாற்றம் விட்டது பாருங்கள்! மருந்தடிக்கக் கூடாது என்று மகன் பிடிவாதம். செடி மொட்டையாகி, ஒரு மாதத்தில் மறுபடி துளிர்த்துவிட்டது.

ஈசூனிலிருந்து:

தோ பாயோ அக்கா, தோலில் புளிக்குழம்பு வைப்பீர்களா? எனக்கு ஒவ்வொரு தடவையும் கசந்துபோகிறது.

தோ பாயோவிலிருந்து:

வைப்போமே! உள்வெள்ளையைக் கரண்டியால் நன்றாகச் சுரண்டிவிடுங்கள், கசப்பில் பாதி அதில்தான். தோலைப் பொடியாக நறுக்கி ஒரு கொதி விட்டுத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, நல்லெண்ணெயில் சுருள வதக்கிய பிறகு புளி சேருங்கள். இறக்கும்போது வெல்லம். தோல் பளபளவென்று மெழுகு பூசிய மாதிரி இருந்தால், முதலில் வெந்நீரில் தேய்த்துக் கழுவிவிடுங்கள்.