தேங்காய் ஏன் விழுகிறது? காலவெளி புரிந்தவர்கள் சொல்லுங்கள்

மன்னார்குடி மோட்டார் கடை:
பம்புசெட் மோட்டாருக்குக் காயில் கட்டுகிற கடை வைத்திருக்கிறேன். என் படிப்பு பத்தாவதோடு சரி. மகள் பதினொன்றாம் வகுப்பு. பள்ளியில் நாலு பேர் போர்வையை இழுத்துப் பிடிக்க, நடுவில் குண்டு எறியும் இரும்புக் குண்டை வைத்து, ஓரத்தில் கோலியை உருட்டினார்களாம். காலமும் வெளியும் (இடமும்) ஒன்றாகச் சேர்ந்த காலவெளியைச் சூரியன் வளைப்பது இப்படித்தான் என்று பாடம். சாயங்காலம் கடைக்கு வந்து கேட்கிறாள்: "பூமி குண்டைக் கீழே இழுத்ததாலதானே போர்வை குழிஞ்சுது? அங்கே சூரியனைக் கீழே இழுக்கிறது யாருப்பா?" அப்புறம் இன்னொன்று. கோலி உருள்வதால் பள்ளத்தில் வளைகிறது, சரி. மரத்தில் சும்மா தொங்கும் தேங்காய், காம்பு விட்டதும் எதற்குக் கிளம்புகிறது? கையில் செம்புக் கம்பியோடு முழித்தேன்.

குடந்தை வாத்தியார்:
முப்பது வருடம் இயற்பியல் நடத்தியவன். நானும் அந்தப் போர்வையை விரித்தவன்தான். புவியீர்ப்பை விளக்கப் புவியீர்ப்பையே கடன் வாங்கும் உவமை அது. உங்கள் மகள் சரியான இடத்தில் கை வைத்திருக்கிறாள். அதைவிடப் பெரிய குறை, அதில் வெளி மட்டும்தான் வளைகிறது, காலத்தையே காணோம். தேங்காய் விழுவதில் ஏறக்குறைய முழு வேலையும் காலத்தின் வளைவுதான்.

தேங்காய் சும்மா தொங்கவில்லை, காலத்தில் ஓடிக்கொண்டே இருக்கிறது. 1915-இல் ஐன்ஸ்டைன் முடித்த கோட்பாட்டின்படி, தரைக்குப் பக்கத்தில் கடிகாரம் மெதுவாக ஓடும், மேலே போகப் போக வேகமாக. சேற்று உழவில் வரப்போரம் டிராக்டரைத் திருப்ப ஒரு பக்க பிரேக்கை மட்டும் மிதிப்பார்கள் அல்லவா? எந்தச் சக்கரம் மெதுவாகிறதோ, அந்தப் பக்கம் வண்டி திரும்பும். தேங்காய்க்குக் கீழ்ப்பக்கம் காலம் மெது, அதனால் பாதை கீழே திரும்புகிறது. அதைத் திரும்பவிடாமல் பிடித்திருந்தது காம்பு. இதுவும் உவமைதான், ஆனால் போர்வையைவிட யோக்கியமானது.

1960-இல் அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் பவுண்ட், ரெப்கா என்ற இரண்டு இயற்பியலாளர்கள் வெறும் 22.5 மீட்டர் உயரத்தில், நன்றாக வளர்ந்த தென்னை அளவுதான், காமா கதிர்களை வைத்து இந்த வித்தியாசத்தை அளந்துவிட்டார்கள். தஞ்சைப் பெரிய கோயில் விமானம் சுமார் 216 அடி. ராஜராஜன் கோயிலை முடித்த 1010-இலிருந்து அடியில் ஒன்றும் உச்சியில் ஒன்றுமாகக் கடிகாரம் ஓடியிருந்தால், இன்றைக்கு உச்சியில் இருப்பது ஒரு நொடியில் சுமார் நாலாயிரத்தில் ஒரு பங்கு முந்தியிருக்கும்.

வாய்க்கால்கரை:
ஐயா, ஆயிரம் வருடத்துக்கே அவ்வளவுதான் என்றால், தலையில் விழும் தேங்காய் மண்டையை எப்படி உடைக்கிறது?

குடந்தை வாத்தியார்:
இதைத்தான் யாராவது கேட்பீர்கள் என்று காத்திருந்தேன். காலத்தைத் தூரமாக்க ஒளியின் வேகத்தால் பெருக்க வேண்டும். ஒரு நொடி என்றால் 3 லட்சம் கி.மீ. முதல் நொடியில் தேங்காய் இறங்குவது 4.9 மீட்டர். 3 லட்சம் கி.மீ. ஓடி, அஞ்சு மீட்டர்கூட விலகவில்லை! எந்தக் கொத்தனார் நூல் பிடித்தாலும் இவ்வளவு நேராக வராது. வளைவு துளிதான், ஓட்டம்தான் பெரிது.

போர்வையும் சுத்தப் பொய் இல்லை. சூரியனை உரசிப் போகும் ஒளி வளைவதில் காலத்துக்குப் பாதி, வெளிக்குப் பாதி. 1919 சூரிய கிரகணத்தில் ஆங்கிலேய வானியலாளர் எடிங்டனின் குழு தேடியது அந்த முழு வளைவைத்தான்.

சங்கிலி பிடிக்கிறவன்:
நான் நில அளவை வேலை. ஜிபிஎஸ் செயற்கைக்கோள் கடிகாரம் உயரத்தால் நாளுக்கு 45 மைக்ரோ நொடி (நொடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்குதான் ஒரு மைக்ரோ நொடி) முந்தும், வேகத்தால் 7 பிந்தும். மிச்சம் 38. அதைச் சரிக்கட்டாமல் விட்டால் தூரக் கணக்கில் நாளுக்கு 11 கி.மீ. வரை பிழை சேரும். இங்கே ஒரு சாண் வரப்புக்கே அண்ணன் தம்பி கோர்ட்டுக்குப் போகிறார்கள்.

மன்னார்குடி மோட்டார் கடை:
எல்லோருக்கும் நன்றி. டிராக்டர் பிரேக் எனக்கே பிடிபட்டுவிட்டது. மகள் நோட்டை எடுத்துக்கொண்டு, எங்கள் ராஜகோபால சுவாமி கோயில் கோபுரத்துக்கும் கணக்குப் போட வேண்டும் என்று உட்கார்ந்துவிட்டாள். வாத்தியார் ஐயா, சூத்திரத்தை மட்டும் எழுதிப் போடுங்கள். பெருக்குவதை அவள் பார்த்துக்கொள்வாள்.