ஹீமோ, ஈமியா: வேர்ச்சொல் தெரிந்தால் போதுமா?

சத்துவாச்சாரி:
தங்கை நர்சிங் முதலாண்டு. நோய்ப் பெயர்களை ராப்பகலாக உருப்போடுகிறாள். 'ஹைமா' என்றால் கிரேக்கத்தில் ரத்தம் என்று ஒரே ஒரு சொல்லைச் சொல்லிக் கொடுத்தேன், பாதிச் சுமை இறங்கிவிட்டது. முன்னால் வந்தால் ஹீமோ, ஹீமட்டோ. பின்னால் வந்தால் ஈமியா. 'அன்' என்றால் இல்லை, ஆக அனீமியா. நம் ஊரில் "உடம்பில் ரத்தமே இல்லை" என்கிறோமே, அதேதான். யூரீமியா (ரத்தத்தில் சிறுநீர்க் கழிவு தேங்குவது), செப்டிசீமியா (ரத்தத்தில் கிருமித் தொற்று) எல்லாம் இந்த வழிதான். முதல் நாளே வகுப்பில் இதைச் சொன்னால் என்ன?

காட்பாடி ஜங்ஷன்:
லேபில் பதினைந்து வருடமாக ரத்தம் எடுக்கிறவன் சொல்கிறேன், வேரை நம்பினால் கவிழ்த்துவிடும். தலசீமியாவைப் பிரித்தால் 'கடல் ரத்தம்'. முதலில் அடையாளம் கண்ட நோயாளிகள் மத்தியதரைக் கடலோரக் குடும்பத்தினர், அதனால் அந்தப் பெயர். கடலையே பார்க்காத குழந்தைக்கும்தான் வருகிறது. மரபணுக் கோளாறால் ஹீமோகுளோபின் சரியாக உருவாகாது என்ற விஷயம் பெயரில் எங்கே இருக்கிறது? ஹீமோஃபிலியா என்றால் 'ரத்தப் பிரியம்'! ரத்தம் உறையாமல் தவிக்கிறவரிடம் போய்ச் சொல்லிப் பாருங்கள். நண்டு ரத்தத்தில் ஆக்சிஜன் சுமக்கும் ஹீமோசயனினில், நம் ஹீமோகுளோபினில் இருக்கும் 'ஹீம்' என்ற இரும்புப் பகுதியே கிடையாது, செம்புதான். பாலாற்றுக்குப் பால் மொள்ளக் குடம் எடுத்துப்போன கதை.

சத்துவாச்சாரி:
பால் இல்லை, சரி. (தண்ணீரே இல்லை, அது வேறு வயிற்றெரிச்சல்.) ஆனால் அது ஆறு என்பதாவது பெயரில் தெரிகிறதா இல்லையா? தலசீமியா என்றதும் எலும்பு முறிவு என்று அவள் நினைக்க மாட்டாள். முதலாண்டுக்கு அது போதும்.

குடியாத்தம் வாத்தியார்:
இருவரும் கிரேக்கத்துக்குள்ளேயே சுற்றுகிறீர்கள். சோகை என்றால் எங்கள் தெருப் பாட்டிக்கும் வெளிறிய முகம் கண்ணுக்குத் தெரியும். ரத்தப் புற்றுநோயைப் பற்றி ஃபிர்ஹோ என்ற மருத்துவர் 1845இல் தன் தாய்மொழி ஜெர்மனில் 'வெள்ளை ரத்தம்' என்றுதான் எழுதினார். 1847இல்தான் அதற்குக் கிரேக்கச் சட்டை மாட்டி லுக்கீமியா ஆக்கினார். சங்கப் பாட்டிலேயே குருதி இருக்கிறது. நமக்கு எதற்குக் கூச்சம்?

காட்பாடி ஜங்ஷன்:
ஐயா, கூச்சம் இல்லை. நோயாளியிடம் நானும் சோகை என்றுதான் சொல்கிறேன். ஆனால் ரிப்போர்ட் வேறு மாநிலத்துக்கும் போகிறது. இங்கே வேலூருக்கு வைத்தியத்துக்கு வருகிறவர்களில் எத்தனை பேர் வங்காளத்திலிருந்து வருகிறார்கள் என்று ஸ்டேஷனில் நின்று பாருங்கள். தம்பி சத்துவாச்சாரி, ஒரு கேள்வி: அடங்காமல் தின்ன வைக்கும் புலிமியாவில் ரத்தம் எங்கே?

சத்துவாச்சாரி:
மாட்டிவிட்டீர்களே! தேடிப் பார்த்தேன். அது 'எருது', 'பசி' இரண்டும் சேர்ந்த சொல்லாம். ஹைமாவுக்கும் அதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை.

குடியாத்தம் வாத்தியார்:
அடங்காப் பசிக்குத் தமிழில் யானைத்தீ என்று பெயர். எருதைவிட யானை பெரிதுதானே.

சத்துவாச்சாரி:
நாளை இன்டர்னல். ஈமியா பட்டியலை அப்படியே கொடுத்துவிட்டேன், புலிமியாவை மட்டும் தனித் தாளில் எழுதி. ஓரத்தில் யானைத்தீயும்.